வட்ட மேஜையும் அன்னையின் சிரிப்பும்

யூலுவான் கல்யாணமாகி வந்தபோது பிறந்த வீட்டிலிருந்து கொண்டுவந்தவற்றில் இன்றும் குறையாமல் இருப்பவை இரண்டு. ஒன்று அவளுடைய வாய். இன்னொன்று பன்னிரண்டு பேர் சுற்றி உட்காரக்கூடிய வட்ட மேஜை. வாய்க்கு ஒருநாளும் வேலை இல்லாமல் போனதில்லை. மேஜைதான் ஒன்பது வருடமாகச் சோற்றைக் கண்ணால் பார்க்கவில்லை.

மேஜைமேல் ஒரு புத்தகம் இருந்தது. இன்னும் அச்சாகாத புத்தகம். அவள் புருஷன் சிங்தாங் எழுதிக்கொண்டிருந்த, ஊர்க் கடலன்னை கோயிலின் வரலாறு. அன்னையின் சிலை யார் மடியில் உட்கார்ந்து கடலைக் கடந்து தைவானுக்கு வந்தது, முதல் கூரையை யார் வேய்ந்தார், தூண்களில் செதுக்கியிருக்கும் ஈரடிப் பாட்டுகள் எந்தப் புலவருடையவை, குறி கேட்கிறவர்கள் எடுக்கும் சீட்டுகளில் உள்ள பாட்டுகளுக்கு என்ன பொருள், எந்தப் புயலில் அன்னை யாரைக் காப்பாற்றினாள் என்று எல்லாம் தனித்தனிக் கட்டுகளாக மேஜை முழுக்கப் பரவிக் கிடந்தன. நீரிணையிலிருந்து வரும் காற்று வீட்டுக்குள் சொல்லாமல் நுழைகிற ஊர் என்பதால், ஒவ்வொரு கட்டின் மேலும் ஒரு சிப்பி ஓடு.

சிங்தாங் மீன் ஏல மண்டபத்தில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவர். ஏலம் விடுகிறவன் ஒரே மூச்சில் கத்துவதையெல்லாம் ஒன்று விடாமல் எழுதி எழுதி, யார் எதைச் சொன்னாலும் அப்படியே எழுதிவிடும் பழக்கம் அவர் கையில் ஊறிவிட்டது. வரலாறு எழுதுகிறவருக்கு இது நல்ல குணமா கெட்ட குணமா என்று கோயில் கமிட்டியில் யாரும் யோசிக்கவில்லை. அவர் கையெழுத்து அழகாக இருந்தது. அது போதுமென்று விட்டார்கள்.

வேலையைத் தொடங்கிய அன்று அவர் அன்னைக்கு முன்னால் ஊதுபத்தி ஏற்றி ஒரு வேண்டுதல் வைத்தார். புத்தகம் முடிந்து, அன்னை சரியென்று சொல்லும்வரை அந்தத் தாள்கள் அந்த மேஜையை விட்டு இறங்காது. எழுதுகிறேன் என்று வேண்டிக்கொண்டால் சரி, எழுதுகிற மேஜையையும் சேர்த்து வேண்டிக்கொள்ளச் சொன்னது யார் என்பது யூலுவானின் ஒன்பது வருடக் கேள்வி. ஒருமுறை தூசி தட்டுவதற்காக நான்கு கட்டுகளை நகர்த்திவிட்டாள். அதன்பின் சில மாதங்கள் பல நூற்றாண்டுக்கு முந்தைய மிங் காலத்து மன்னர் ஒருவர் ஊர் ஐஸ் ஆலையைத் திறந்து வைத்ததாகக் கையெழுத்துப் பிரதியில் இருந்தது. அதற்கப்புறம் அவள் கை வைப்பதில்லை.

ஆகவே குடும்பம் வீட்டு முன்புறத்தில் அவள் நடத்தும் சிப்பி ஆம்லெட் கடையிலேயே, பிளாஸ்டிக் முக்காலிகளில் உட்கார்ந்து, மடியில் கிண்ணத்தை வைத்துச் சாப்பிட்டது. வாடிக்கையாளர் வந்தால் எழுந்து இடம் கொடுத்துவிட்டு நின்றபடி சாப்பிட்டது. மகன் போவென் படகு எஞ்சின் பழுது பார்க்கிறவன். நின்றபடி சாப்பிட்டே அவன் உயரமாகிவிட்டான் என்று அவள் சொல்வாள்.

அந்த போவெனுக்குத்தான் இப்போது பெண் அமைந்திருந்தது. மலைப்பக்கத்துத் தேயிலைக்காரர் மகள், ஷுபிங். தொலைபேசி நிலையத்தில் வேலை. பையனும் பெண்ணும் ஏற்கெனவே பேசி முடித்துவிட்டார்கள். பெரியவர்கள் முடிக்கவேண்டியது மட்டும்தான் பாக்கி. அதற்குப் பெண் வீட்டார் வீடு பார்க்க வரவேண்டும். வருவார்கள், சுவரைப் பார்ப்பார்கள், அடுப்படியில் எட்டிப் பார்ப்பார்கள், குளியலறைக் குழாயைத் திறந்து மூடுவார்கள். திருப்தி என்றால் சாப்பிட உட்காருவார்கள். உட்கார்ந்தால் சம்மதம். 'பஸ் போயிடும்' என்று நின்றபடியே கிளம்பினால் அத்தோடு முடிந்தது. அப்புறம் யாரும் யாரையும் ஏன் என்று கேட்பதில்லை.

"என்னங்க, பொண்ணு வீட்டுக்காரங்க அடுத்த மாசம் பதினாறாம் தேதி வர்றாங்க."

"வரட்டுமே."

"எங்க உக்கார வெக்கிறது? உங்க மூணாவது அத்தியாயத்து மேலயா?"

சிங்தாங் நிதானமாக யோசித்தார். "மூணாவது வேணாம். மை இன்னும் காயல."

வாடகைக்கு வேறு மேஜை எடுக்கலாம்தான். கூடத்தில் அதைப் போட இடமில்லை. தெருவில் போட்டால், இந்த ஊரில் தெருவில் மேஜை போடுவது கல்யாணத்துக்கு அல்லது கருமாதிக்கு. இரண்டில் எது என்று கேட்டு ஊரே கூடிவிடும். அவள் கொண்டுவந்த மேஜை, அவள் வீட்டுக் கூடம், அவள் மகன். அதில் ஒரு வேளைச் சோறு போட வழியில்லை.

நல்லவேளையாகப் புத்தகம் முடிந்திருந்தது. அன்னையிடம் உத்தரவு கேட்பதுதான் மிச்சம்.

கமிட்டித் தலைவர் வான்ஃபா, ஐஸ் ஆலை முதலாளி, விளக்குத் திருவிழா முடிந்த கையோடு ஒரு காலையில் கோயிலில் மண்டியிட்டார். கையில் இரண்டு பிறைக்கட்டைகள், ஒருபக்கம் தட்டை, ஒருபக்கம் வயிறு. போடும்போது ஒன்று கவிழ்ந்து ஒன்று நிமிர்ந்தால் அன்னை சரி என்கிறாள். பெரிய காரியமென்றால் தொடர்ந்து மூன்று முறை அப்படி விழவேண்டும். இரண்டுமே கவிழ்ந்தால் கோபம். இரண்டுமே நிமிர்ந்தால் சிரிக்கிறாள்.

"தாயே, நான் ஹுவாங் வான்ஃபா, மீன்துறைத் தெரு, ஐஸ் ஆலைக்கு எதிர் வீடு. நம்ம கோயில் புத்தகம் முடிஞ்சிருக்கு. இதுல ஒரு பிழையும் இல்லன்னா, அச்சுக்குக் குடுக்கலாம்னு உத்தரவு குடு."

கட்டைகள் இரண்டும் தட்டைப் பக்கம் மேலே பார்க்க விழுந்து, தொட்டில் மாதிரி ஆடின. மறுபடி போட்டார். மறுபடி ஆடின. மூன்றாவது முறை ஒரு கட்டை ஆடி ஆடி ஊதுபத்திச் சட்டிக்கு அடியில் போய் நின்றது. குனிந்து பார்த்தார்கள். அதுவும் சிரித்துக்கொண்டிருந்தது.

அன்னை சிரித்தால் அதற்குப் பல அர்த்தம் சொல்வார்கள். விடை உனக்கே தெரியும் என்பார்கள், கேள்வி சரியில்லை என்பார்கள், அன்னைக்கு இன்று மனசு நன்றாயிருக்கிறது என்றும் சொல்வார்கள். அன்று கோயிலில் இருந்த பெரியவர்கள் எல்லோரும் முதல் அர்த்தத்தையே எடுத்துக்கொண்டார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் வீட்டுக்குப் போனார்கள்.

மறுநாள் காலை, ஆம்லெட் என்றாலே மூக்கைப் பொத்துகிற ஊதுபத்திக் கடை சியூமேய் யூலுவானின் கடைக்கு வந்து ஒரு ஆம்லெட் சொன்னாள்.

"அண்ணன் இருக்காரா, அக்கா?"

"மேஜைல இருக்காரு."

கடைக்கும் கூடத்துக்கும் நடுவே இருப்பது ஒரு பலகைத் தடுப்பு. யூலுவான் ஒட்டுக்கேட்கவில்லை. அடுப்பின் தீயைக் கொஞ்சம் குறைத்தாள், அவ்வளவுதான். அன்னையின் திருமுகம் இருநூறு வருட ஊதுபத்திப் புகையில் கறுத்தது என்று புத்தகம் சொல்கிறது அல்லவா, அதைக் கொஞ்சம் பார்க்கவேண்டும் என்றாள் சியூமேய். புதுமருமகளாக இருந்தபோது வருடப் பிறப்புக்கு முன் கோயிலைச் சுத்தம் செய்யும் முறை அவளுக்கு வந்ததாம். பளிச்சென்று இருக்கட்டும் என்று மண்ணெண்ணெயில் துடைத்தாளாம். பளிச்சென்று ஆகிவிட்டதாம். ஒரு கன்னம் மட்டும். பயந்துபோய் மாமனாரின் ஷூ பாலிஷை எடுத்துவந்து சரிக்கட்டியிருக்கிறாள். நல்ல கம்பெனி பாலிஷ், இன்றுவரை அசையவில்லை.

சிங்தாங் கேட்டதை அப்படியே எழுதிக்கொண்டார். சியூமேய் ஆம்லெட்டைத் தொடாமல் போனாள்.

மதியம் தலைவர் வான்ஃபா வந்தார். அவரும் ஆம்லெட் சொன்னார். புத்தகத்தில் ஒரு பெருமை இருந்தது. மற்ற கோயில்களின் குறிச்சீட்டு அலமாரியில் இருபத்தேழாம் இழுப்பறையிலும் பாட்டு இருக்கும். நம் கோயிலில் அது ஆதியிலிருந்தே காலி, ஏனென்றால் நம் அன்னை தன் பிள்ளைகளுக்குக் கெட்ட சேதி சொல்லமாட்டாள். இதை வைத்து சிங்தாங் ஒரு முழு அத்தியாயம் எழுதி, நடுவில் ஒரு பாட்டும் கட்டியிருந்தார். வான்ஃபா தொண்டையைச் செருமிக்கொண்டு, ஆதியிலிருந்து இல்லை, ஐஸ் ஆலை திறந்ததிலிருந்து என்றார். திறப்புக்கு முன் குறி கேட்டபோது அந்தச் சீட்டு அடுத்தடுத்து மூன்று தடவை வந்ததாம். 'தண்ணீரில் கட்டிய கோட்டை' என்று தொடங்கும் பாட்டு. ஐஸ் விற்கப்போகிறவனுக்கு அது எப்படி இருந்திருக்கும்? இழுப்பறையைக் காலி செய்துவிட்டு வந்திருக்கிறார்.

இப்படி ஆளாளுக்கு வந்தார்கள். யூலுவானுக்கு வியாபாரம் நன்றாக இருந்தது. புத்தகம்தான் இளைத்துக்கொண்டே போனது.

கடைசியாக வந்தவர் பழைய படகுத் தலைவர் லாய். ஊரிலேயே பெரிய அற்புதம் அவருடையது. யூலுவான் சிறுமியாக இருந்தபோது அடித்த பெரும்புயலில், எல்லோரும் கைவிட்டுவிட்ட ஒன்பது படகுகள் மூன்று நாள் கழித்துத் துறைக்குத் திரும்பின. கோயில் கூரைமேல் ஒரு சிவப்பு விளக்கு எரிந்து வழி காட்டியது என்று படகுக்காரர்கள் எல்லோரும் ஒரே வாயாகச் சொன்னார்கள். அந்தப் படகுகளில் ஒன்றில் யூலுவானின் அப்பாவும் இருந்தார். சிங்தாங் அந்த அத்தியாயத்தை நாலு தடவை எழுதியவர், படிக்கும்போது தானே கண்ணைத் துடைத்துக்கொள்வார்.

"எந்தக் கடல்ல, எந்த வெளக்கு?" என்றார் லாய். "புயல் வருதுன்னு ரெண்டு நாள் முன்னாடியே தெக்கத் துறைமுகத்துல கட்டிட்டோம். சீட்டாட்டம். மழை நின்னுடுச்சு, ஆட்டம் நிக்கல. வீட்ல என்னத்தச் சொல்றது? அந்தச் செவப்பு வெளக்கு நான் யோசிச்சதுதான். வெள்ளைன்னா நம்பமாட்டாங்கன்னு செவப்பா வெச்சேன்."

உள்ளே சிங்தாங்கின் பேனாகூட நின்றுவிட்டது.

"எங்கப்பா?" என்று யூலுவான் தடுப்புக்கு இந்தப் பக்கத்திலிருந்து கேட்டாள்.

"உங்கப்பாதான் ஜெயிச்சாரும்மா."

அந்தப் புயலுக்கு நன்றியாக அவள் அம்மா சாகும்வரை அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் வீட்டில் மீன் ஆக்கியதில்லை. மீன் இல்லாமல் ஒரு வாய் இறங்காத அப்பா, அந்த நாட்களில் மட்டும் கீரையை மறுபேச்சில்லாமல் தின்றுவிட்டு எழுந்து போவது ஏன் என்று அவளுக்கு இப்போது புரிந்தது. இன்னொன்றும் புரிந்தது. பிழைத்து வந்த சந்தோஷத்தில் அப்பா தச்சரைக் கூப்பிட்டு, மகளுக்கென்று ஒரு வட்ட மேஜை செய்யச் சொன்னது அதே மாதம்தான். அவள் தடுப்பை நகர்த்தி மேஜையை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு போய், கருகிக்கொண்டிருந்த ஆம்லெட்டைத் திருப்பிப் போட்டாள்.

சிங்தாங் புத்தகத்தை முதலிலிருந்து புதிதாக எழுதினார். ஏல மண்டபத்துக் கை, வேகமாக எழுதும். பழைய பிரதி முழுவதும் ஒரு அரிசிச் சாக்குக்குள் போனது. அன்னையின் பெயர் எழுதிய தாளைக் குப்பையில் போட முடியாது. கோயில் உலையில் எரிக்க நாள் பார்க்கவேண்டும். அதுவரை சாக்கு மேஜைக்கடியில் கிடந்தது. வேண்டுதல் என்னாயிற்று என்று யூலுவான் கேட்டாள். தள்ளுபடியான பிறகு அது புத்தகமே இல்லை, அதனால் வேண்டுதல் அதைக் கட்டாது என்றார்.

புதுப் பிரதி மெல்லியதாக இருந்தது. அதை வைத்து வான்ஃபா மறுபடி மண்டியிட்டார். தாயே, இப்போது ஒரு பிழையும் இல்லையே? கட்டைகள் ஆடின. அன்று சிங்தாங் வீட்டுக்கு வந்து முன்னுரையை எடுத்தார். 'நாள்தோறும் விடியுமுன் நீராடி, தூய ஆடை உடுத்தி இதனை எழுதினேன்' என்ற வரியைப் பனியனோடு உட்கார்ந்து, வேர்க்கடலையைக் கொறித்தபடி, தன் கையாலேயே அடித்தார். இந்த வரி எப்போது அடிபடும் என்று ஒன்பது வருடமாகப் பார்த்துக்கொண்டிருந்தவள் யூலுவான். அதற்கப்புறமும் அன்னை சிரித்தாள். வான்ஃபா எழுந்து முழங்காலைத் தேய்த்துக்கொண்டு, இந்த வருடம் வேண்டாம், அடுத்த வருடம் கேட்டுக்கொள்ளலாம் என்று சொல்லிவிட்டார்.

அது பதினாலாம் தேதி.

பதினைந்தாம் தேதி மத்தியானம், பால்மீன் வாங்கி, கோழி சொல்லி, ஆமை வடிவச் சிவப்புப் பணியாரத்துக்கு மாவு ஊறப்போட்டுவிட்டு, யூலுவான் கூடத்தில் நின்று மேஜையைப் பார்த்தாள். சிங்தாங் நாற்காலியிலேயே தூங்கிக்கொண்டிருந்தார். மேஜைமேல் இருப்பதைத் தொட முடியாது. கீழே இருப்பதைத் தொடலாம், அது புத்தகமே இல்லை என்று அவர் வாயாலேயே சொல்லியிருக்கிறார். வெறுங்கையோடு போய் அன்னையிடம் கேட்பதற்கு இது பரவாயில்லை. சாக்கைத் தூக்கி ஸ்கூட்டரின் முன்னால் வைத்துக்கொண்டு கோயிலுக்குப் போனாள்.

அந்த நேரத்தில் கோயிலில் ஊதுபத்தி விற்கிற சியூமேயைத் தவிர யாருமில்லை. யூலுவான் சாக்கைப் பீடத்தின் முன் சாய்த்துவைத்தாள். சிப்பி வாடை அடித்தது. கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு கட்டைகளை எடுத்தாள். இத்தனை நாளும் வான்ஃபா கேட்டதைப் பின்னால் நின்று கேட்டவளுக்கு ஒன்று மட்டும் உறுத்திக்கொண்டே இருந்தது. 'உன் ஆம்லெட்டில் ஒரு குறையும் இல்லையே' என்று யாராவது அவளிடம் கேட்டால் அவளும் சிரிக்கத்தான் செய்வாள். வேறென்ன செய்வது?

"தாயே, நான் யூலுவான். ஆம்லெட் கடை, கோயிலுக்குத் தெக்கே மூணாவது வீடு, உனக்குத் தெரியும். இந்தச் சாக்குல என் வீட்டுக்காரர் எழுதின புத்தகம் இருக்கு. இதுல பிழை இருக்கு. நெறைய இருக்கு. ஊர்ல சொன்னதை அவரு எழுதினாரு, ஊர்ல பொய் சொன்னாங்க. எங்கப்பாவும்தான். இருக்கிறபடியே அச்சுக்குப் போகட்டுமா? வேணாம்னா வேணாம்னு சொல்லிடு, சிரிக்காத. நாளைக்கு என் பையனுக்குப் பொண்ணு வீட்டுக்காரங்க வர்றாங்க."

போட்டாள். ஒன்று கவிழ்ந்தது, ஒன்று நிமிர்ந்தது.

சியூமேய் ஊதுபத்திக் கட்டைக் கீழே வைத்துவிட்டு அருகில் வந்தாள். இரண்டாவது முறையும் அப்படியே. மூன்றாவது முறை ஒரு கட்டை நிமிர்ந்து கிடக்க, இன்னொன்று உருண்டு சாக்கில் முட்டி, கொஞ்ச நேரம் யோசித்துவிட்டுக் கவிழ்ந்தது.

"அக்கா," என்றாள் சியூமேய் மெதுவாக, "பாலிஷ் சமாசாரம் இந்தச் சாக்குல இருக்கா?"

"இதுல இல்ல. இதுல இருநூறு வருஷப் புகைதான்."

சியூமேய் செருப்பைக்கூடப் போடாமல் தலைவர் வீட்டுக்கு ஓடினாள்.

சாயங்காலத்துக்குள் கமிட்டி முழுவதும் யூலுவானின் கடையில் நின்றது. சிங்தாங்தான் ஒத்துக்கொள்ளவில்லை. உண்மையை எழுதிய பிரதி மேஜைமேல் இருக்கும்போது, சாக்கில் கட்டிப்போட்ட பொய்யை அச்சடிப்பதா என்றார். வான்ஃபா மிகுந்த வருத்தத்தோடு, தனக்கும் உண்மைதான் வேண்டும், ஆனால் அன்னை சாக்குக்குச் சரி சொல்லிவிட்டாள், அன்னைக்கு மேல் தான் யார் என்றார். வருத்தத்தில் இரண்டு ஆம்லெட் சாப்பிட்டார். லாய் வாயில் வெற்றிலைப்பாக்கோடு தலையை மட்டும் ஆட்டினார்.

எல்லோரும் போனபிறகு யூலுவான் புருஷனுக்கு எதிரே முக்காலியைப் போட்டு உட்கார்ந்தாள்.

"பிழை இருக்குன்னு சொல்லித்தான் கேட்டேன். மறைக்கல. வேணும்னா நீங்களும் முன்னுரைல அதையே எழுதுங்க."

சிங்தாங் பேனா மூடியைத் திருகிக் கழற்றினார். பிறகு ஒரு தாளை இழுத்து எழுதினார். 'இந்நூலில் பிழைகள் உள்ளன. அன்னை அறிவாள்.' எழுதியதைத் தள்ளிவைத்துப் பார்த்தார். கையெழுத்து அழகாகத்தான் இருந்தது.

"இதுலயும் நீராடினத எடுத்துடவா?"

"அது கெடக்கட்டும்," என்றாள். "அதுக்கும் சேத்துத்தான் உத்தரவு வாங்கியிருக்கேன்."

மறுநாள் காலை தைனான் நகரத்திலிருந்து அச்சகத்து வேன் வந்து சாக்கை ஏற்றிக்கொண்டு போனது. வேண்டுதல் தீர்ந்ததால் மெல்லிய பிரதியை போவென் தன் எஞ்சின் பெட்டியில் பத்திரமாக வைத்தான். மேஜை வெறுமையாகிவிட்டது. யூலுவான் அதைச் சோடா உப்புப் போட்டுத் தேய்த்தாள். பலகை இடுக்குகளிலிருந்து வேர்க்கடலைத் தோல் வந்துகொண்டே இருந்தது. சிப்பி ஓடுகளின் வட்டங்கள் போய்விட்டன. நடுவில் மட்டும், மை காயாமல் கவிழ்த்துவைத்த பக்கம் ஒன்று மரத்திலேயே ஏறி, இடவலம் மாறிய எழுத்தாக ஒட்டியிருந்தது. அது போகவில்லை. அதன்மேல் சிவப்புத் துணி விரித்தாள்.

மதியம் பெண் வீட்டார் வந்தார்கள். பெண்ணின் அப்பா ஒல்லியானவர், அதிகம் பேசாதவர், கூட வந்த எல்லோரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். சுவரைப் பார்த்தார். அடுப்படியைப் பார்த்தார். குளியலறைக் குழாயைத் திறந்தார், மூடினார், அது சொட்டியது, இன்னும் இறுக்கி மூடினார். ஷுபிங் போவெனைப் பார்த்தாள். போவென் குழாயைப் பார்த்தான். மேஜைமேல் பால்மீனும் கோழியும் ஆவி பறக்க இருந்தன. அவர் உட்காரவில்லை. தேயிலைத் தட்டுகளைப் பார்த்துப் பழகிய கண், மரத்தைப் பார்க்கவேண்டும் என்று துணியின் ஓரத்தைத் தூக்கினார். பிறகு இன்னும் கொஞ்சம் தூக்கினார்.

"இதென்ன எழுத்து?"

அவர் கைக்கடிகாரத்தைப் பார்ப்பது தெரிந்தது. மலைக்குப் போகிற பஸ்ஸின் நேரம் யூலுவானுக்கும் தெரியும்.

சிங்தாங் அருகில் போய்க் குனிந்தார். தலைகீழாக, இடவலம் மாறிக் கிடந்தாலும் தன் எழுத்து தனக்குத் தெரியாதா? ஒன்பது படகுகள். அவர் நிமிர்ந்து மனைவியைப் பார்த்தார். பிறகு தொண்டையைச் சரிசெய்துகொண்டார்.

"இது எங்க ஊர்ல ஒரு புயல் அடிச்சப்போ நடந்தது," என்று ஆரம்பித்தார்.

நன்றாகச் சொன்னார். காற்று எந்தப் பக்கம் அடித்தது, அலை எவ்வளவு உயரம், கரையில் பெண்கள் எந்தப் படியில் நின்றார்கள் என்று எல்லாம் சொன்னார். பிரதியில் இல்லாததையும் சொன்னார். பெண்ணின் அப்பா துணியை விட்டார். முதலில் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு கேட்டார். சிங்தாங் இருட்டில் கூரைமேல் ஒரு புள்ளி தெரிந்தது என்று சொல்லி நிறுத்தி, மூச்சு வாங்கினார்.

"என்ன வெளக்கு?" என்று கேட்டபடி அவர் உட்கார்ந்தார்.

யூலுவான் ஒரு நொடி தாமதிக்கவில்லை. அவர் முன்னால் கிண்ணம், கிண்ணத்தில் சோறு, கையில் குச்சிகள். அவர் உட்கார்ந்ததைப் பார்த்து மனைவி உட்கார்ந்தாள், மாமன்மார் உட்கார்ந்தார்கள், ஷுபிங் கடைசியாக, சிரிப்பை அடக்கிக்கொண்டு.

"செவப்பு வெளக்கு," என்றார் சிங்தாங்.

"எங்கப்பாவும் அந்தப் படகுல ஒண்ணுல இருந்தாரு," என்றாள் யூலுவான். அதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. சொல்லிவிட்டு, பால்மீன் தட்டைச் சுற்றி நகர்த்தி, தலைப்பக்கம், பெரிய விருந்தாளிக்குச் செய்கிற மாதிரி, பெண்ணின் அப்பாவைப் பார்க்கிறபடி வைத்தாள்.